நற்பெயருக்கு எத்தனை ஆண்டு இலாபம்? – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: மன்னார்குடியில் எங்கள் குடும்பம் நெடுநாளாக உரம், பூச்சிமருந்துக் கடை நடத்தி வருகிறது. கூட்டாண்மையில் என் தந்தைக்கும் சித்தப்பாவுக்கும் 5இல் 2 பங்கு வீதமும், அத்தைக்கு 5இல் 1 பங்கும் உண்டு. தந்தையும் சித்தப்பாவும் கடையில் உழைப்பவர்கள்; அத்தை முதல் போட்டதோடு சரி. இப்போது சித்தப்பா விலகுகிறார். நிகர இலாபம் 2020-21இல் 9.60 லட்சம், 2021-22இல் 11.20 லட்சம், 2022-23இல் 13 லட்சம், 2023-24இல் 4.40 லட்சம், 2024-25இல் 8.80 லட்சம். இவற்றின் சராசரியான 9.40 லட்சத்தை இரண்டால் பெருக்கி, நற்பெயர் (குட்வில், அதாவது கடையின் பெயருக்கான விலை) 18.80 லட்சம் என்கிறார் ஆடிட்டர். மேட்டூர்த் தண்ணீர் பொய்த்த 2023-24ஐ நீக்கிவிட்டு மற்ற 4 ஆண்டுகளுக்கு மட்டும் சராசரி காண வேண்டும், அதன்படி 21.30 லட்சம் என்கிறார் சித்தப்பா. எது சரி? 2022-23 இலாபத்தில் பழைய சரக்கு வண்டியை விற்றதில் வந்த 1.50 லட்சம் அடங்கியுள்ளது. 2021-22இல் மின்கசிவால் 80,000 ரூபாய்ச் சரக்கு எரிந்துவிட்டது, காப்பீடு இல்லை. கடைக் கட்டடம் தந்தையுடையது, வாடகை வாங்குவதில்லை. பங்காளிகளுக்கு ஊதியமும் எழுதுவதில்லை.
– ஒரு வாசகர், மன்னார்குடி

பதில்: முதலில் கூட்டாண்மைப் பத்திரத்தை எடுத்துப் பாருங்கள். பங்காளி ஒருவர் விலகும்போது நற்பெயரை இன்ன முறையில் கணக்கிட வேண்டும் என்று அதில் எழுதியிருந்தால் அதுவே இறுதியானது. ஆடிட்டரோ, சித்தப்பாவோ, நானோ சொல்வதற்கு அங்கே இடமில்லை. நீங்கள் அதைப் பற்றி எதுவும் எழுதாததால் பத்திரத்தில் அப்படி ஒரு விதி இல்லை என்று வைத்துக்கொண்டு பதில் சொல்கிறேன். பத்திரம் பேசாமல் இருப்பதால் நற்பெயரே இல்லை என்று யாரும் வாதிட முடியாது. 1932ஆம் ஆண்டின் இந்தியக் கூட்டாண்மைச் சட்டத்தின் 14ஆம் பிரிவு, நற்பெயரையும் நிறுவனத்தின் சொத்தாகவே சொல்கிறது. மாறான உடன்படிக்கை இல்லாதபோது இறந்த பங்காளியின் வாரிசுகளுக்கும் அதில் பங்கு உண்டு என்று உச்ச நீதிமன்றம் 1970இல் தீர்ப்பளித்திருக்கிறது.

இனி உங்கள் வீட்டு வழக்குக்கு வருவோம். தண்ணீர் பொய்த்த ஆண்டை நீக்க வேண்டும் என்ற சித்தப்பாவின் வாதம் கேட்பதற்கு நியாயமாகத் தோன்றினாலும் ஏற்கத்தக்கதன்று. கடந்த கால இலாபத்தை நாம் கூட்டிப் பார்ப்பதே வரும் ஆண்டுகளில் இந்தக் கடை எவ்வளவு ஈட்டும் என்பதை ஊகிப்பதற்காகத்தான். ஆகவே இனி நேர வாய்ப்பில்லாதது எதுவோ அதை மட்டுமே அசாதாரணம் என்று ஒதுக்கலாம். மேட்டூர் அணை ஜூன் 12ஆம் நாள் திறக்கப்பட வேண்டும் என்பது மரபு; ஆனால் 2012 முதல் 2019 வரை தொடர்ந்து 8 ஆண்டுகள் அந்த நாளில் அணை திறக்கப்படவில்லை. 2023இல் நாள் தவறாமல் திறந்தும், நீர்வரத்து இல்லாமல் அக்டோபர் 10ஆம் நாளே பாசனத்துக்கு மூட வேண்டியதாயிற்று. குறுவை கருகியது, சம்பா தடுமாறியது. 2024இல் ஜூலை 28ஆம் நாள்தான் தண்ணீர் வந்தது. டெல்டாவில் உரம் விற்பவருக்குத் தண்ணீர் வராத ஆண்டு என்பது தொழிலின் ஓர் அங்கம். மேலும் அதை நீக்கச் சொல்பவர், மே 24ஆம் நாளே அணை திறந்து, வழக்கத்தைவிட முன்னதாக நடவு தொடங்கிய 2022-23இன் கொழுத்த இலாபத்தை நீக்கச் சொல்லவில்லை என்பதையும் கவனியுங்கள். இரண்டும் ஒரே ஆற்றின் கணக்கு. நல்ல ஆண்டை வைத்துக்கொண்டு கெட்ட ஆண்டைத் தள்ளினால் அது சராசரி ஆகாது.

மின்கசிவில் எரிந்த சரக்கு வேறு வகை. அது ஆண்டுதோறும் நேர்வதில்லை, ஆகவே 0.80 லட்சத்தை 2021-22 இலாபத்தோடு திரும்பச் சேர்க்க வேண்டும். (2018 நவம்பர் 16ஆம் நாள் கஜா புயல் கூரையைப் பிய்த்து எறிந்த ஆண்டு உங்கள் 5 ஆண்டுக்குள் வந்திருந்தால், அந்தக் கூரைச் செலவையும் இவ்வாறே சேர்க்கச் சொல்லியிருப்பேன்.) வண்டி விற்ற இலாபம் 1.50 லட்சம் கடை வியாபாரத்தில் வந்ததன்று, மறுபடி வரப்போவதுமில்லை. அதைக் கழிக்க வேண்டும். அப்போது 2021-22இன் இலாபம் 12 லட்சமாகவும், 2022-23இன் இலாபம் 11.50 லட்சமாகவும் மாறும். ஐந்தின் கூட்டுத்தொகை 46.30 லட்சம்; சராசரி 9.26 லட்சம். ஆடிட்டரின் 9.40க்கும் இதற்கும் பெரிய வேறுபாடு இல்லையே என்று நினைப்பீர்கள். உண்மையான வேறுபாடு அடுத்துதான் வருகிறது.

காலையில் கடை திறந்து இரவில் பூட்டும் வரை இரண்டு பேர் உழைக்கிறார்கள், அவர்களுக்கு ஊதியம் எழுதப்படவில்லை. கட்டடத்துக்கு வாடகை எழுதப்படவில்லை. இந்த இரண்டும் இலாபத்துக்குள் ஒளிந்துகொண்டு, நற்பெயரால் வந்தவைபோல் நிற்கின்றன. வெளியார் ஒருவர் இந்தக் கடையை வாங்கினால் இடத்துக்கு வாடகை தருவார், பொறுப்பாக நடத்த ஆள் வைப்பார்; அதற்குப் பின் மிஞ்சுவதைத்தான் இலாபம் என்பார். உங்கள் ஊர் நிலவரத்தில் ஆளுக்கு மாதம் 15,000 ரூபாய் என்று வைத்தால் ஆண்டுக்கு 3.60 லட்சம், வாடகை மாதம் 10,000 ரூபாய் என்றால் 1.20 லட்சம். ஆக மொத்தம் 4.80 லட்சத்தைச் சராசரியிலிருந்து கழித்தால் மிஞ்சுவது 4.46 லட்சம். ஆடிட்டர் கொண்டபடியே 2 ஆண்டு இலாபம் என்று அதை இரண்டால் பெருக்கினால் நற்பெயர் 8.92 லட்சம். சித்தப்பாவின் 5இல் 2 பங்கு 3,56,800 ரூபாய். ஊதியமும் வாடகையும் நான் வைத்துப் பார்த்த தொகைகள். உங்கள் கடைத்தெருவில் விசாரித்து அவற்றை மாற்றிக்கொள்ளுங்கள். ஆனால் அவற்றைக் கழிக்காமல் விடாதீர்கள். கழிக்காவிட்டால் உங்கள் தந்தை தன் உழைப்புக்கும் தன் கட்டடத்துக்கும் தானே விலை கொடுத்தவராகிறார்.

இதைச் சித்தப்பா எளிதில் ஏற்கமாட்டார். 21.30 லட்சத்தில் தன் பங்காக 8.52 லட்சம் எதிர்பார்த்தவரிடம் 3.57 லட்சம் என்றால் குடும்பத்தில் மனக்கசப்பு வரும். ஒன்றை அவருக்குத் தெளிவாகச் சொல்லுங்கள்: நற்பெயர் குறைந்தால் அவருக்குச் சேர வேண்டிய மற்றத் தொகைகள் குறைவதில்லை. அவருடைய முதல், பிரிக்காத இலாபத்தில் அவர் பங்கு, சரக்கிலும் வரவேண்டிய பாக்கியிலும் உள்ள பங்கு ஆகியவை தனியாகக் கிடைக்கும். அந்தப் பாக்கியைத்தான் இரு தரப்பும் கூர்ந்து பார்க்க வேண்டும். நடவுக்கு உரம் கடனாகக் கொடுத்து, நேரடி நெல் கொள்முதல் நிலையத்துப் பணம் வந்தபின் வசூலிப்பது உங்கள் தொழிலின் வழக்கம். 2023-24இல் கருகிய வயலுக்குக் கொடுத்த கடனில் எவ்வளவு இனி வராது என்று பேரேட்டைப் பார்த்து நட்டமாக எழுதித் தள்ளியிருக்கிறீர்களா? தள்ளாவிட்டால் 4.40 லட்சம் என்ற இலாபமே உண்மையானதன்று.

பிந்தைய ஆண்டுகளுக்கு அதிக எடை தரும் நிறையிட்ட சராசரியை யாராவது எடுத்துரைக்கக்கூடும். 1 முதல் 5 வரை எடை கொடுத்தால், ஊதியமும் வாடகையும் கழிக்கும் முன், திருத்திய இலாபங்களின் நிறையிட்ட சராசரி 9.26 லட்சத்துக்குப் பதிலாக 8.65 லட்சத்துக்குச் சற்றுக் குறைவாக வரும். இலாபம் ஒரே சீராக ஏறிக்கொண்டோ இறங்கிக்கொண்டோ வரும் தொழிலுக்கு அந்த முறை பொருந்தும். உங்கள் கணக்கில் அது தண்ணீர் இல்லாத ஆண்டுக்கு 4 பங்கு எடையைக் கொடுத்துச் சித்தப்பாவுக்கு அநீதி செய்துவிடும். எளிய சராசரியே போதும்.

உயர் இலாப முறையையும் ஒருமுறை போட்டுப் பார்ப்பது நல்லது. கடையில் முடங்கியிருக்கும் முதல் 20 லட்சம் என்றும், இத்தகைய தொழிலில் எதிர்பார்க்கத்தக்க வருவாய் 12 விழுக்காடு என்றும் கொள்வோம். அந்த முதலுக்கு 2.40 லட்சம் வருவது இயல்பு. உங்கள் கடை 4.46 லட்சம் ஈட்டுகிறது, மேலதிகமான 2.06 லட்சம்தான் கடையின் பெயரால் வந்தது. அதை 3 ஆண்டுகளுக்குப் பெருக்கினால் 6.18 லட்சம். அதே 2.06 லட்சத்தை 12 விழுக்காட்டில் மூலதனமாக்கினால், அதாவது 12 விழுக்காட்டில் அந்தத் தொகையை ஈட்டித்தரும் முதல் எவ்வளவு என்று கண்டால், 17 லட்சத்துக்குச் சற்று மேல் போகும். ஆனால் அந்த முறை இந்த மேலதிக இலாபம் என்றென்றும் வந்துகொண்டே இருக்கும் என்று கொள்கிறது. யூரியா மூட்டையின் விலையை அரசு நிர்ணயித்து, ஒவ்வொரு மூட்டையும் விற்பனைக் கருவியில் பதிவாகி வெளியேறும் தொழிலில், தெருவுக்கு ஒரு கடை வந்துவிட்ட இந்நாளில், அப்படி நம்புவதற்கு எனக்குத் துணிவில்லை. 6 லட்சத்துக்கும் 9 லட்சத்துக்கும் இடையில் பேசி முடியுங்கள்.

8.92 லட்சத்துக்கே முடிவானால், சித்தப்பாவின் 3,56,800 ரூபாயைத் தந்தையும் அத்தையும் 2:1 விகிதத்தில் ஏற்க வேண்டும். தந்தைக்கு 2,37,867, அத்தைக்கு 1,18,933. இந்தத் தொகைகளை அவர்கள் முதல் கணக்கில் பற்று எழுதி, சித்தப்பாவின் முதல் கணக்கில் வரவு வைத்தால் போதும். ஏட்டில் நற்பெயர்க் கணக்கு என்று புதிதாக ஒன்றைத் தோற்றுவிக்கக் கூடாது.

பணம் கொடுப்பதற்கு முன் ஒரு நிபந்தனையை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். விலகிய பங்காளி போட்டிக் கடை திறக்கக் கூட்டாண்மைச் சட்டத்தின் 36ஆம் பிரிவு தடை சொல்வதில்லை. பழைய கடையின் பெயரைப் பயன்படுத்துவதும், பழைய வாடிக்கையாளரை வலிந்து அழைப்பதும் கூடாது என்பதே சட்டம் சொல்வது. குறிப்பிட்ட காலத்துக்கு, குறிப்பிட்ட எல்லைக்குள் அதே தொழிலைச் செய்வதில்லை என்று, நியாயமான அளவில், தனியாக உடன்படிக்கை செய்துகொள்ள அதே பிரிவு இடம் தருகிறது. வடுவூரிலிருந்தும் நீடாமங்கலத்திலிருந்தும் வரும் உழவர்கள் கடையின் பெயரைத் தேடி வருகிறார்களா, சித்தப்பாவின் முகத்தைத் தேடி வருகிறார்களா என்பது உங்களுக்குத்தான் தெரியும். முகத்தைத் தேடி வருபவர்களே அதிகம் என்றால், இந்த உடன்படிக்கை இல்லாமல் ஒரு ரூபாய்கூட நற்பெயருக்குக் கொடுக்காதீர்கள். உர உரிமமும் பூச்சிமருந்து உரிமமும் யார் பெயரில் உள்ளன, அவற்றை மாற்ற வேளாண்மைத் துறையில் என்ன செய்ய வேண்டும் என்பதையும் முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். கணக்கு முடிக்காமல் இழுத்தடிக்கவும் வேண்டாம். அவருடைய பங்கைக் கொண்டே தொழிலை நடத்திவந்தால், பின்னர் அந்தப் பங்குக்குரிய இலாபத்தையோ ஆண்டுக்கு 6 விழுக்காடு வட்டியையோ தன் விருப்பப்படி கேட்க 37ஆம் பிரிவு அவருக்கு உரிமை தருகிறது.

கேள்வி: மேல்நிலை இரண்டாம் ஆண்டில் கணக்குப் பதிவியல் படிக்கிறேன். இலாபம் 40,000, 50,000, நட்டம் 10,000, இலாபம் 60,000 என்று 4 ஆண்டுகள் தந்து, சராசரி இலாபத்தின் 2 ஆண்டுகள் கொள்முதலில் (அதாவது 2 மடங்காக) நற்பெயர் கேட்டால், நட்ட ஆண்டை விட்டுவிட்டு 3ஆல் வகுக்கலாமா? 2 ஆண்டு என்பதை யார் முடிவு செய்கிறார்கள்?
– ஒரு மாணவி, தஞ்சாவூர்

பதில்: வகுக்கக் கூடாது. நட்டத்தைக் கழித்து, 4ஆல் வகுக்க வேண்டும். மொத்தம் 1,40,000, சராசரி 35,000, நற்பெயர் 70,000 ரூபாய். நீங்கள் சொல்லும் வழியில் 50,000 சராசரியாகி 1,00,000 வரும், மதிப்பெண் போய்விடும்.

தேர்வில் ஆண்டுகளின் எண்ணிக்கை கேள்வியிலேயே இருக்கும். நடைமுறையில் அது பேரத்தில் முடிவாகிறது. புதிதாக ஒருவர் அதே தெருவில் அதே கடையைத் தொடங்கினால், பழைய கடையின் இலாபத்தை எட்ட அவருக்கு எத்தனை ஆண்டு பிடிக்கும் என்ற ஊகம்தான் அந்த எண். ஆள் மாறினாலும் வாடிக்கையாளர் மாறாத தொழிலுக்கு 3, 4 என்று போகலாம். மருத்துவர், வழக்கறிஞர், தையற்காரர் போன்றவர்களிடம் அவரவர் கைத்திறனே தொழில். ஆகவே அங்கே அந்த எண் சிறியதாக இருப்பதே நியாயம்.

கேள்வி: கும்பகோணத்தில் பெயர்பெற்ற ஒரு பித்தளைப் பாத்திரக் கடை விலைக்கு வருகிறது. சரக்குக்குத் தனி விலை. நற்பெயருக்கு 3 ஆண்டுச் சராசரி இலாபத்தின் 3 மடங்கு கேட்கிறார்கள். வருமான வரிக் கணக்கில் இலாபம் குறைவாக உள்ளதே என்றால், உண்மையான விற்பனை சிட்டையில் இருக்கிறது என்கிறார்கள். 2028இல் மகாமகம் வருகிறது, அதற்காகவும் விலை கூடும் என்கிறார்கள். நம்பி வாங்கலாமா?
– ஒரு வாசகர், பாபநாசம்

பதில்: வரிக்கு ஓர் இலாபம், விற்பதற்கு ஓர் இலாபம் என்று இரண்டு வைத்துக்கொள்ள ஒருவருக்கு உரிமை இல்லை. அரசுக்குக் காட்டாத இலாபத்துக்கு நீங்கள் விலை கொடுத்தால், அந்த இலாபத்தை நீங்களும் காட்டாமல் ஈட்டினால்தான் போட்ட பணம் திரும்பும். அந்த வழியில் போக வேண்டாம்.

அதே நேரத்தில் வருமான வரிக் கணக்கில் உள்ள இலாபத்தையும் அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள். சிறு வணிகர் பலர் உத்தேச வருமான முறையில், விற்பனையில் 8 விழுக்காடு, வங்கி வழியாகவும் மின்வழியாகவும் வந்த தொகைக்கு 6 விழுக்காடு என்று காட்டிவிட்டு, முழுக் கணக்கு ஏதும் எழுதுவதில்லை. அங்கே இலாபம் என்று நிற்பது சட்டம் வகுத்த ஒரு விகிதம். கடையின் உண்மையான வரவு செலவு அன்று. அதற்குச் சராசரி கண்டு மூன்றால் பெருக்குவது வீண் வேலை. ஜிஎஸ்டி படிவங்கள், கொள்முதல் பட்டியல்கள், வங்கிக் கணக்கு, வேலையாள் சம்பளம், வாடகை, மின்கட்டணம் ஆகியவற்றை 3 ஆண்டுகளுக்கு வாங்கி, ஓர் ஆடிட்டரை வைத்து இலாபத்தை நீங்களே கட்டி எழுப்பிப் பாருங்கள். பித்தளை விலை ஏறிய ஆண்டில், குறைந்த விலைக்கு வாங்கி வைத்த பழைய சரக்கை விற்று வந்த இலாபம் தனியாகத் தெரியும். அது கடையின் பெயரால் வந்ததன்று.

மகாமகத்தைப் பற்றி அவர்கள் சொல்வது பாதி உண்மை. 2016 பிப்ரவரி 22ஆம் நாள் நடந்த மகாமகம் மீண்டும் 2028இல் வருகிறது. கூட்டமும் வரும், சொம்பும் குத்துவிளக்கும் விற்கும். ஆனால் 12 ஆண்டுக்கு ஒருமுறை வரும் சில வாரத்து இலாபத்தை ஆண்டுச் சராசரிக்குள் புகுத்தி மும்மடங்காக்குவது முறையன்று. விற்பவருக்கு அதில் அவ்வளவு நம்பிக்கை இருந்தால், 2028 மாசி மாத விற்பனையில் இத்தனை விழுக்காடு பின்னர் தருகிறேன் என்று எழுதிக் கொடுங்கள். அவர் ஒப்புகிறாரா என்று பார்ப்பதிலேயே பாதி விடை தெரிந்துவிடும்.

எல்லாவற்றையும் விட முதன்மையானது இடம். பெரும்பாலான கடைத்தெருக்களில் குட்வில் என்று கேட்கப்படும் பணம் உண்மையில் வாடகை இடத்தைக் கைமாற்றிக் கொடுப்பதற்கானது. அந்த இடத்தைக் கைமாற்றும் உரிமை விற்பவருக்கு இருக்கிறதா? கும்பகோணத்தில் கடை நிற்கும் மனை கோயிலுக்குரியதாக இருக்கும் வாய்ப்பு நிரம்ப உண்டு. அப்படியானால் அறநிலையத் துறையின் ஒப்புதல் இல்லாமல் அந்த வாடகை உரிமை உங்கள் பெயருக்கு வராது. தனியார் கட்டடமானாலும் உரிமையாளர் உங்களோடு புதிய வாடகை ஒப்பந்தம் எழுதிய பிறகே முன்பணம் கொடுங்கள். நூறாண்டுப் பெயர் இருந்தும் இடம் போய்விட்டால் வாங்கியவர் கையில் மிஞ்சுவது பெயர்ப்பலகை மட்டுமே. 1810ஆம் ஆண்டிலேயே ஆங்கிலேய நீதிபதி எல்டன் பிரபு, பழைய வாடிக்கையாளர்கள் பழைய இடத்துக்கே மீண்டும் வருவார்கள் என்ற வாய்ப்புதான் நற்பெயர் என்றார். இந்தக் கடைக்கு அது இன்றும் அப்படியே பொருந்தும்.

கேள்வி: திருவாரூர் அருகே அரிசி ஆலை வைத்திருக்கிறேன். நல்ல பெயர் இருக்கிறது. சராசரி இலாபத்தின்படி நற்பெயர் 25 லட்சம் என்று இருப்புநிலைக் குறிப்பில் சேர்த்தால் வங்கியில் கூடுதல் கடன் கிடைக்குமா? பின்னாளில் ஆலையை விற்றால் அந்த 25 லட்சத்தை வாங்கிய விலையாகக் காட்டலாமா?
– ஒரு வாசகர், திருவாரூர் மாவட்டம்

பதில்: இரண்டுக்கும் இல்லை என்பதே விடை. தானே வளர்த்த நற்பெயரை ஏட்டில் சொத்தாகக் காட்டக் கூடாது என்பது கணக்கியல் தரம் 26இன் விதி. விலை கொடுத்து வாங்கியதை மட்டுமே காட்டலாம். நீங்கள் சேர்த்தாலும் வங்கியாளர் முதல் வேலையாக அதைக் கழித்துவிட்டுத்தான் உங்கள் நிகர மதிப்பைப் பார்ப்பார்.

விற்கும்போது, தானே வளர்த்த நற்பெயரின் வாங்கிய விலை சுழியம் என்றே வருமான வரிச் சட்டம் கொள்கிறது. ஒரு காலத்தில் இது விற்பவருக்குச் சாதகமாக இருந்தது. வாங்கிய விலையே கணிக்க முடியாத சொத்துக்கு மூலதன ஆதாயம் (சொத்தை விற்றதில் கிடைக்கும் இலாபம்) கணக்கிட வழியில்லை என்று 1981இல் உச்ச நீதிமன்றம் சொன்னதால் வரி இல்லாமல் போயிற்று. பிறகு சட்டத்தைத் திருத்தி, 1988-89 மதிப்பீட்டு ஆண்டு முதல் வாங்கிய விலை சுழியம் என்று எழுதிவிட்டார்கள். ஆகவே பெறும் தொகை முழுவதும் ஆதாயமே. 2024 ஜூலை 23ஆம் நாள் முதல் நீண்டகால ஆதாயத்துக்கு 12.5 விழுக்காடு வரி. உங்களிடம் வாங்குபவரும் நற்பெயருக்குக் கொடுத்த தொகையில் தேய்மானம் கோர முடியாது. அந்தச் சலுகையை 2021ஆம் ஆண்டு நிதிச் சட்டம் நீக்கிவிட்டது. ஆகவே விலை பேசும்போது எந்திரம், கட்டடம், நற்பெயர் என்று தொகையைப் பிரித்து எழுதுவதில் அவர் ஒன்றை விரும்புவார், நீங்கள் வேறொன்றை விரும்புவீர்கள். எந்திரங்களுக்கு முறையான மதிப்பீட்டுச் சான்று வாங்கி வைத்துக்கொண்டு அந்தப் பேச்சைத் தொடங்குங்கள்.